பூட்டிய செட்டுக்கு சர்வீஸ் டூல்: எதை எடுக்கலாம், எதைத் திருப்பி அனுப்பணும்?

புதுடாங்கிள்

வணக்கம். டிஸ்ப்ளே, பேட்டரி, சார்ஜிங் போர்டு வேலை பழகிவிட்டது. அடுத்து சாஃப்ட்வேர் பக்கமும் போகலாம் என்று ஒரு சர்வீஸ் டூலுக்கு (கேபிள் வழியாக போனின் சாஃப்ட்வேரைப் படிக்கவும் எழுதவும் உதவும் கம்ப்யூட்டர் ப்ரோகிராம்) ஒரு வருட ஆக்டிவேஷன் பார்த்துக்கொண்டிருக்கிறேன். குவால்காம் சிப், மீடியாடெக் சிப், சாம்சங் செட் மூன்றும் அதில் உண்டு. மெனுவில் ‘ரீட் இன்ஃபோ’, ‘ஃபேக்டரி ரீசெட்’, ‘எரேஸ் எஃப்ஆர்பி’, ‘ரிப்பேர் ஐஎம்இஐ’ எல்லாம் ஒரே அளவு பட்டனாக வரிசையில் நிற்கின்றன. எதில் கை வைக்கலாம், எதைத் தொடவே கூடாது என்று டூல் சொல்வதில்லை.

என் சந்தேகங்கள்: செட்டைக் கொண்டுவருபவர்தான் உரிமையாளர் என்று எப்படி உறுதி செய்வது? “போட்டோ போகக் கூடாது, லாக் மட்டும் எடுங்க” என்பவருக்கு என்ன சொல்வது? எழுதும் முன் எந்தெந்தப் பார்ட்டிஷனை (போன் சேமிப்பின் தனித்தனிப் பகுதி) பேக்கப் எடுக்கணும்? கிராக் பதிப்பு ஒன்று இலவசமாகச் சுற்றுகிறது, பழகிப் பார்க்க மட்டும் போடலாமா?

போர்டுவியூ

‘லாக்’ என்று கஸ்டமர் சொல்வது ஐந்தாறு வெவ்வேறு பூட்டுகளை. எந்தப் பூட்டு என்று தெரியாமல் கேபிளைச் செருகாதீர்கள், ஏனென்றால் ஒவ்வொன்றுக்கும் சாவி வேறு ஆளிடம் இருக்கிறது.

திரைப்பூட்டு (பின், பேட்டர்ன், பாஸ்வேர்டு) கஸ்டமருடையது. எஃப்ஆர்பி (ரீசெட் ஆனபின் பழைய கணக்கைக் கேட்கும் பூட்டு) கூகுள் கணக்கோடு கட்டியது, ஆண்ட்ராய்டு 5.1-இல், 2015-இல் வந்தது. செட்டிங்ஸ் வழியாக பின் போட்டு ரீசெட் செய்தால் எஃப்ஆர்பி கேட்காது, ரெகவரி (பட்டன்களை அழுத்தி ஆன் செய்தால் வரும் பழுதுநீக்க மெனு) வழியாக அழித்தால் கேட்கும். அதாவது செட் எஃப்ஆர்பியில் நிற்கிறது என்றால், பெரும்பாலும் பின் தெரியாத யாரோ ரெகவரியில் அழித்திருக்கிறார்கள் என்று அர்த்தம். அது மறதிக்காரராகவும் இருக்கலாம், திருடியவராகவும் இருக்கலாம். ரீட் இன்ஃபோ திரையைப் பார்த்து இரண்டையும் பிரிக்க முடியாது.

ஐபோனின் ஆக்டிவேஷன் லாக் (ஆப்பிள் கணக்கோடு கட்டிய பூட்டு) 2013-இல் ஐஓஎஸ் 7 உடன் வந்தது. பூட்டு ஆப்பிளின் சர்வரில் இருக்கிறது, போர்டில் இல்லை. ‘சர்வரில் நீக்கித் தருகிறோம்’ என்று காசு கேட்பவரிடம் உங்கள் காசும் போகும், கஸ்டமர் செட் விவரமும் போகும். முறையான வழி இரண்டே: கணக்கின் சொந்தக்காரர் நீக்க வேண்டும், அல்லது வாங்கிய ரசீதுடன் ஆப்பிளிடமே விண்ணப்பிக்க வேண்டும். செட் லாஸ்ட் மோடில் (தொலைந்ததாக உரிமையாளர் குறித்த நிலை) இருந்தால் பேச்சே இல்லை, திருப்பிக் கொடுத்துவிடுங்கள்.

அடுத்தது நிறுவனப் பூட்டு. ‘ரிமோட் மேனேஜ்மென்ட்’ என்று வரும் ஐபோன், நாக்ஸ் மேனேஜில் சேர்த்த சாம்சங், ஜீரோ டச்சில் பதிந்த ஆண்ட்ராய்டு, இவை எல்லாம் வேலை கொடுத்த கம்பெனியின் சொத்து. தவணைப் பூட்டும் இதே ரகம்தான். சாம்சங்கின் டவுன்லோட் மோடில் (சாஃப்ட்வேர் ஏற்றும் திரை) ‘கேஜி ஸ்டேட்: லாக்டு’ (கேஜி என்றால் நாக்ஸ் கார்டு) என்று இருந்தால் கடன் கொடுத்தவர் பூட்டியிருக்க வாய்ப்பு அதிகம். கையில் பில் இருந்தாலும் கடன் முடியும்வரை அந்தப் பூட்டைத் திறக்கும் உரிமை உங்கள் கஸ்டமருக்கு இல்லை. கடன் முடிந்திருந்தால் கொடுத்தவர்தான் விடுவிக்க வேண்டும்.

கடைசியாக சிம் லாக், அதாவது ஒரு நெட்வொர்க்கின் சிம்மை மட்டும் ஏற்கும் பூட்டு. கோடு நெட்வொர்க் நிறுவனம் தரும். தவறாகப் போட எத்தனை வாய்ப்பு என்று ஒரு கணக்கு உள்ளே ஓடுகிறது. அது தீர்ந்தால் சரியான கோடும் வேலை செய்யாது. ஆகவே “போட்டுத்தான் பார்ப்போமே” வேண்டாம்.

கல்லாப்பெட்டி

உரிமை சரிபார்ப்புக்கு என் பதில் சுருக்கம்: மூன்று எண் ஒன்றாக இருக்கணும். பில்லில் உள்ள ஐஎம்இஐ (செட்டின் அடையாள எண்), பெட்டியில் உள்ள ஐஎம்இஐ, செட்டே சொல்லும் ஐஎம்இஐ. பெட்டியை மட்டும் காட்டினால் போதாது, காலிப் பெட்டி தனியாகவே விலைக்குக் கிடைக்கிறது. சிம் தட்டில் அச்சிட்டதை நம்பாதீங்க, தட்டு மாற்ற ஒரு நிமிஷம் ஆகாது.

பூட்டிய செட்டில் எண்ணை எப்படிப் பார்ப்பது? எமர்ஜென்சி டயலரில் *#06# சில மாடலில் காட்டும், சிலதில் காட்டாது. ஐபோன் ஆக்டிவேஷன் திரையில் நின்றால் மூலையில் உள்ள ‘ஐ’ குறியைத் தொட்டால் வரும். இரண்டு சிம் செட்டில் இரண்டு எண் உண்டு. பில்லில் பெரும்பாலும் முதலாவது மட்டும் இருக்கும், பொருந்தவில்லை என்று அவசரப்படாமல் இரண்டையும் ஒப்பிடுங்க.

15 இலக்கத்தில் முதல் 8 மாடலைச் சொல்வது, அடுத்த 6 அந்தச் செட்டின் வரிசை எண், கடைசி ஒன்று சரிபார்ப்பு இலக்கம். முதல் எட்டைத் தேடினால் ஒரு மாடல், கையில் இருப்பது வேறு மாடல் என்றால் யாரோ ஏற்கனவே கைவைத்திருக்காங்க. சரிபார்ப்பு இலக்கத்தைப் பேப்பரிலேயே போடலாம். பாடத்தில் வழக்கமாக வரும் எண் 490154203237518. முதல் 14-இல் இரட்டை இடத்தில் உள்ளவற்றை இரண்டால் பெருக்கி, இரண்டு இலக்கம் வந்தால் அவற்றைக் கூட்டிக்கணும்: 9 (18), 2, 8, 0, 4, 5 (14), 2. மொத்தம் 30. ஒற்றை இடத்து எண்கள் 4, 0, 5, 2, 3, 3, 5. மொத்தம் 22. இரண்டும் சேர்ந்து 52. அடுத்த பத்தின் மடங்கு 60-க்கு 8 குறைகிறது, அந்த 8-தான் கடைசி இலக்கம். இது பொருந்தாத எண் எந்தக் கம்பெனியும் கொடுத்த எண் ஆகாது. பொருந்திவிட்டால் மட்டும் செட் சுத்தம் என்று எடுத்துக்க வேண்டாம். திருட்டுப் பட்டியலில் இருக்கிறதா என்று உங்கள் நாட்டில் உள்ள தளத்தில் தனியாகப் பார்க்கணும்.

வேலைச் சீட்டில் பெயர், அடையாள அட்டை வகை, ஐஎம்இஐ, என்ன பூட்டு, ‘தரவு அழியும் என்று தெரிவிக்கப்பட்டது’ என்ற வரி, கையெழுத்து. அந்த வரியை முதலில் படித்துக் காட்டிட்டு அப்புறம் கையெழுத்து வாங்குங்க. செட்டோட பின்னைச் சீட்டில் எழுதவே கூடாது.

வெள்ளீயம்

போட்டோ விஷயத்துக்கு வருகிறேன். இதில்தான் நிறைய பொய் விற்கிறது.

ஆண்ட்ராய்டு 10-உடன் வெளிவந்த எல்லா செட்டிலும் கோப்புவாரி என்கிரிப்ஷன் (ஒவ்வொரு கோப்பையும் சாவியிட்டு மறைப்பது) கட்டாயம். சாவி, கஸ்டமரின் பின்னும் சிப்புக்குள் உள்ள பாதுகாப்புப் பகுதியும் சேர்ந்துதான் உருவாகிறது. யூசர்டேட்டாவை (கஸ்டமரின் தரவுப் பகுதி) முழுசாக டம்ப் (நகல்) எடுத்தாலும், யூஎஃப்எஸ் சேமிப்புச் சிப்பையே கழற்றிப் படித்தாலும் கிடைப்பது குப்பை எழுத்துதான். பத்து வருடத்துக்கு முந்தைய செட்டில் பேட்டர்ன் கோப்பு ஒன்றை நீக்கினால் திறந்தது, அந்த வீடியோக்கள்தான் இன்னும் ஓடிக்கொண்டிருக்கின்றன. புதிய செட்டில் டூல் ‘தரவு போகாமல் அன்லாக்’ என்று காட்டினால் எந்த மாடல், எந்தப் பாதுகாப்புப் பேட்ச் என்று கேளுங்கள். பெரும்பாலும் பதில் வராது.

ஆனால் கையை விரிக்கும் முன் பார்க்க வேண்டியவை இருக்கின்றன, நிறைய பேர் இவற்றைத் தாண்டிப்போய் நேரே ரீசெட்டுக்குப் போகிறார்கள்:

பின் மறந்திருக்கிறது, ஆனால் கைரேகை இன்னும் திறக்கிறது என்றால் செட்டை ஆஃப் செய்யவே செய்யாதீர்கள். ரீஸ்டார்ட் ஆனதும் கைரேகை ஏற்காது, பின்தான் கேட்கும். ஆன் நிலையிலும் ஆண்ட்ராய்டு 72 மணி நேரத்துக்கு ஒருமுறை பின் கேட்கும். சார்ஜரில் போட்டு, கஸ்டமர் விரலை வைத்துத் திறந்து, முதல் வேலையாக போட்டோ, தொடர்புகள், வாட்ஸ்அப் பேக்கப்பை வெளியே எடுக்கச் சொல்லுங்கள். பிறகு ரீசெட்.

ஐபோனில் பாஸ்கோடை மாற்றிவிட்டு புதியது மறந்துபோனது என்றால், ஐஓஎஸ் 17 முதல் மாற்றிய 72 மணி நேரத்துக்குள் பழைய பாஸ்கோடைப் போட்டு புதிதாக வைத்துக்கொள்ளலாம். பூட்டுத் திரையிலேயே அந்த வழி வரும். ‘அன்அவெய்லபிள்’ என்று நின்றால் ஐஓஎஸ் 15.2 முதல் திரையிலேயே அழிக்கும் வாய்ப்பு உண்டு, இணையமும் ஆப்பிள் கணக்கின் பாஸ்வேர்டும் வேண்டும். கம்ப்யூட்டர் தேவையே இல்லை.

திரை உடைந்து, பின் தெரிந்த செட்டையும் ‘லாக்’ என்றே கொண்டுவருவார்கள். அதற்கு சாஃப்ட்வேர் எதற்கு? டெஸ்ட் டிஸ்ப்ளே மாட்டிப் பாருங்கள். டச் மட்டும் போயிருந்தால் ஓடிஜியில் (போனில் யூஎஸ்பி கருவி மாட்டும் இணைப்பு) மவுஸ். படமும் இல்லை என்றால், டைப் சி வழியாக வீடியோ வெளிவிடும் மாடலாக இருந்தால் ஹப் போட்டு மானிட்டரில் பார்க்கலாம்.

எஸ்டி கார்டு சாதாரணமாகப் போட்டிருந்தால் வெளியே எடுத்துப் படிக்கலாம். உள் சேமிப்போடு இணைத்து ஃபார்மட் செய்திருந்தால் அதன் சாவி செட்டுக்குள் இருக்கிறது, ரீசெட் ஆனதும் கார்டும் போச்சு. இதைக் கேட்காமல் அழித்துவிட்டு அப்புறம் சண்டை வருகிறது.

ட்வீசர்

பேக்கப் கேள்விக்கு. எழுதுவதற்கு முன் படிக்கணும். முதலில் ஜிபிடியை (பார்ட்டிஷன் அட்டவணை) படித்துப் பார்ட்டிஷன் பட்டியலைச் சேமியுங்கள், பிறகு இவற்றை:

குவால்காமில் மோடம்எஸ்டி1, மோடம்எஸ்டி2, எஃப்எஸ்ஜி, எஃப்எஸ்சி, பெர்சிஸ்ட். முதல் இரண்டு மட்டும் அழிந்தால் மோடம் (நெட்வொர்க் பகுதி) எஃப்எஸ்ஜியில் உள்ள மூலப் பிரதியிலிருந்து மீண்டும் கட்டிக்கொள்ளும். எஃப்எஸ்ஜியும் சேர்ந்து போனால் ஐஎம்இஐ காலி, நெட்வொர்க் இல்லை. பெர்சிஸ்டில் சென்சார் அளவுத்திருத்தமும் டிஆர்எம் (படங்களின் நகல் தடுப்பு) சாவிகளும் இருக்கின்றன. அது போனால் கைரேகை வேலை செய்யாது, ஓடிடி படம் எச்டியில் ஓடாது, கஸ்டமர் ஒரு வாரம் கழித்து “நீங்க தொட்டதுக்கு அப்புறம்தான்” என்று வருவார், சொல்வதும் உண்மைதான்.

மீடியாடெக்கில் என்விரேம் (ஐஎம்இஐ உள்ளிட்ட நெட்வொர்க் விவரம் இருக்கும் இடம்), என்விடேட்டா, என்விசிஎஃப்ஜி, ப்ரொடெக்ட்1, ப்ரொடெக்ட்2, ப்ரோஇன்ஃபோ, செக்சிஎஃப்ஜி. சாம்சங்கில் இஎஃப்எஸ், செக்இஎஃப்எஸ். எல்லாம் சிறிய கோப்புகள்தான், ‘நேரமில்லை’ என்று விடும் அளவு பெரிது இல்லை. எடுத்ததும் கோப்பைத் திறந்து பாருங்கள்: முழுக்க பூஜ்யமாக இருந்தால் அது பேக்கப் இல்லை, கோப்பின் பெயர் மட்டும்தான்.

அந்த பேக்கப் அதே செட்டுக்கு மட்டும். வேறு செட்டின் என்விரேமை இங்கே ஏற்றினால் இரண்டு செட்டில் ஒரே ஐஎம்இஐ, அது குளோனிங். புதிய சிப்புகளில் அது சிப்போடு பிணைந்திருப்பதால் ஏற்றினாலும் நெட்வொர்க் வராமல் போகும். வேலை முடிந்து செட் ஒழுங்காகப் போனதும், சொன்ன நாள்வரை வைத்திருந்து அழித்துவிடுங்கள்.

எங்கே செட் சாகிறது என்று கேட்டால், அன்லாக்கில் அதிகம் இல்லை, அதற்கு முன்னால் தவறான டிக்கில்தான்:

மீடியாடெக்குக்கான எஸ்பி ஃப்ளாஷ் டூலில் ‘ஃபார்மட் ஆல் + டவுன்லோட்’. என்விரேம் துடைத்துப்போகும். ‘டவுன்லோட் ஒன்லி’ போதும்.

ஷாவ்மிக்கான மி ஃப்ளாஷில் கீழே தானாகவே ‘கிளீன் ஆல் அண்ட் லாக்’ தேர்வாகி நிற்கும். சீன மாடலில் குளோபல் ரோம் (போனின் சாஃப்ட்வேர்) ஏற்றி பூட்லோடரும் (ஆன் ஆனதும் முதலில் ஓடும் ப்ரோகிராம்) பூட்டிக்கொண்டால் செட் அந்த ரோமை ஏற்க மறுத்து ரெகவரியிலேயே நிற்கும்.

குவால்காமுக்கான க்யூஃபிலில் ராப்ரோகிராம் (எதை எங்கே எழுதுவது என்ற பட்டியல்) கோப்புகளைத் தேர்ந்தெடுக்கும்போது பெயரில் ‘வைப் பார்ட்டிஷன்ஸ்’, ‘பிளாங்க் ஜிபிடி’ என்று உள்ளவற்றையும் சேர்த்து அள்ளிவிடுவது. யூஎஃப்எஸ் ‘ப்ரொவிஷன்’ பட்டன் பக்கமே போகாதீர்கள், அது புது சிப் வைத்தவருக்கு.

சாம்சங்குக்கான ஓடினில் சிஎஸ்சி (நாடு, நெட்வொர்க் அமைப்பு) இடத்தில் சிஎஸ்சி கோப்பைப் போட்டால் தரவு அழியும், ஹோம் சிஎஸ்சி போட்டால் நிற்கும். பில்டு எண்ணின் கடைசியிலிருந்து ஐந்தாவது எழுத்து பூட்லோடர் நிலை. செட்டில் 5 இருக்க 4 உள்ள ஃபார்ம்வேரைப் போட்டால் ‘ரெவ் செக் ஃபெயில்’ என்று மறுக்கும். 9-க்கு அப்புறம் ஏ, பி என்று ஓடும், 9-ஐவிட ஏ பெரிது.

குவால்காம் செட்டில் ‘சஹாரா ஃபெயில்’ (டூலோடு முதல் தொடர்பே தோற்பது) வந்தால் லோடரை (செட்டுக்குள் முதலில் ஏற்றும் சிறு ப்ரோகிராம்) மாற்றி மாற்றிப் போடாதீர்கள். இடிஎல் எனும் அவசர டவுன்லோட் நிலையில் செட் கம்ப்யூட்டரில் 9008 போர்ட்டாகத் தெரியும், அங்கே முதல் வணக்கத்தை ஒருமுறைதான் அனுப்பும். அது தவறிவிட்டால் பவரை அழுத்திப் பிடித்து வெளியே வந்து, மறுபடி இடிஎல்லுக்குள் போய், போர்ட் தெரிந்த உடனே ஸ்டார்ட் கொடுக்கணும். அப்படியும் நின்றால்தான் லோடர் கையெழுத்து அந்தக் கம்பெனிக்குரியதா என்ற கேள்வி. சார்ஜ் 50 சதவீதத்துக்கு மேல், மதர்போர்டின் பின்பக்க யூஎஸ்பி 2.0 துளை, ஹப் இல்லாமல். யாரும் எதுவும் செய்யாமல் செட் தானாகவே 9008-இல் வந்து நின்றால் பூட்லோடர் கெட்டிருக்கலாம், ஸ்டோரேஜ் சிப்பே செத்துக்கொண்டிருக்கலாம். அங்கே எழுதிப் பார்ப்பதற்கு முன் படிக்க முடிகிறதா பாருங்கள்.

டெஸ்ட் பாயிண்ட் (இடிஎல்லுக்குள் போக போர்டில் தொடும் புள்ளி) தொடுவது என்றால் அந்த போர்டின் படத்தில் பார்த்த இடம் மட்டும். பக்கத்து பேட் பவர் லைனாக இருந்து கிரவுண்டோடு இணைந்தால் பவர் ஐசி போகும்.

இரவுக்காவல்

கிராக் கேள்வியை யாரும் தொடவில்லை. வேண்டாம். ஒழுக்கப் பாடமாகச் சொல்லவில்லை, நடைமுறையாகச் சொல்கிறேன். அந்தக் கோப்பு முதலில் ஆன்டிவைரஸை நிறுத்தச் சொல்லும். பிறகு அட்மின் உரிமையோடு டிரைவர் போடும். அதற்கு மேல் எதைத் தடுப்பீர்கள்? பிரவுசரில் சேமித்த பாஸ்வேர்டும் லாகின் செஷன்களும் போனால் நஷ்டம் உங்கள் மெயிலோடு நின்றுவிடும் என்று நினைக்காதீர்கள், அதே கம்ப்யூட்டரில் கஸ்டமரின் பேக்கப்பும் இருக்கிறது. தவிர, பழைய லோடர் கலவையோடு வரும் கிராக் பாதியில் நின்றால் செட் நடுவழியில் சாகும், கேட்க ஆள் கிடையாது.

காசு கொடுத்து வாங்கிய டூலையும் தனிக் கம்ப்யூட்டரில் போடுங்கள். வங்கி, மெயில் எதுவும் அதில் வேண்டாம். டவுன்லோட் தயாரிப்பாளர் தளத்திலிருந்து மட்டும், கோப்பின் டிஜிட்டல் கையெழுத்தைப் பார்த்துத் திறங்கள். ஆக்டிவேஷன் கணக்கை வாடகைக்கு விடாதீர்கள். இன்னொருவர் திருட்டுச் செட்டில் பயன்படுத்தினாலும் பதிவு உங்கள் பெயரில்தான்.

‘ரிப்பேர் ஐஎம்இஐ’ பட்டனும் இதில் சேர்த்தி. ஐஎம்இஐ மாற்றுவது பல நாடுகளில் சிறைத்தண்டனை உள்ள குற்றம். அதே செட்டின் அசல் எண்ணை அதன் சொந்த பேக்கப்பிலிருந்து திருப்பி ஏற்றுவது ஒன்று, கட்டத்தில் ஒரு எண்ணைத் தட்டி எழுதுவது வேறு.

போர்டுவியூ

இரவுக்காவலோடு ஒத்துப்போகிறேன், ஆனால் அசல் எண்ணைத் திருப்பி ஏற்றுவதும் எல்லா நாட்டிலும் தனிக்கடைக்கு அனுமதி இல்லை. சட்டம் பார்க்காமல் அதையும் செய்யாதீர்கள். பேக்கப் இல்லாமல் எண் போன செட்டைக் கம்பெனி சர்வீஸ் சென்டருக்கு அனுப்புங்கள்.

புதுடாங்கிள்

எல்லோருக்கும் நன்றி. ஒரு சிக்கலான கேஸ்: பில் கஸ்டமர் பெயரில் இல்லை, பழையதாக வாங்கியிருக்கிறார். எஃப்ஆர்பி திரையில் வேறொருவர் கணக்கு. அவர் நல்லவராகவே தெரிகிறார். எஃப்ஆர்பி வேலையே எடுக்க வேண்டாம் என்று முடிவு செய்யலாமா?

கல்லாப்பெட்டி

என் கருத்து, எடுக்காதீங்க. மாசத்தில் ஒரு திருட்டுச் செட் உள்ளே வந்தாலும், மற்ற வேலைகளில் சம்பாதித்த பெயர் அதோடு போகும்.

வெள்ளீயம்

அவ்வளவு கடுமை வேண்டாம் கல்லாப்பெட்டி. மூன்று எண்ணும் பொருந்தி, பில்லும் அவர் பெயரிலேயே இருக்கிற வயதானவருக்குக் கணக்கு மறந்தது குற்றமில்லை. அவருக்கு முதலில் கூகுள் கணக்கு மீட்பு. அவருடைய பழைய சிம் வேறொரு செட்டில் இருக்கட்டும், சரிபார்ப்பு எஸ்எம்எஸ் அங்கேதான் வரும். பாஸ்வேர்டு புதிதாக மாற்றினால் உடனே எஃப்ஆர்பி திரையில் போடாதீர்கள். 24 மணி நேரம் காத்திருங்கள், பழைய மாடல்களில் 72. நிறைய செட்டில் அந்தத் திரையிலேயே ‘பழைய பின் அல்லது பேட்டர்ன் போடு’ என்ற வழியும் இருக்கும், அதைக் கேட்டுப் பார்த்தாலே பாதி வேலை முடியும். எதுவும் நடக்கவில்லை என்றால் பில்லோடு கம்பெனி சர்வீஸ் சென்டர்.

புதுடாங்கிள் சொல்லும் கேஸ் வேறு. அங்கே கணக்கு இன்னொருவருடையது, எனவே டூல் கிடையாது. விற்றவரைப் போனில் பிடிக்கச் சொல்லுங்கள். ஐபோன் என்றால் அவர் எங்கிருந்தாலும் ஐகிளவுடில் நுழைந்து அழித்து, ‘கணக்கிலிருந்து நீக்கு’ கொடுத்தால் ஆக்டிவேஷன் லாக் விலகும், நேரில் வரத் தேவையில்லை. ஆண்ட்ராய்டில் கணக்குப் பக்கத்தில் செட்டை நீக்கினால் எஃப்ஆர்பி போய்விடும் என்று நம்ப முடியாது. விற்றவரே அந்தச் செட்டில் பாஸ்வேர்டோ பழைய பின்னோ தட்டணும். பாஸ்வேர்டை உங்களுக்கு வாட்ஸ்அப்பில் அனுப்பச் சொல்லாதீர்கள்.

ஆண்ட்ராய்டு 15 வந்ததிலிருந்து இந்த ‘பைபாஸ்’ வியாபாரமே சுருங்குகிறது. செட்டப் திரையைத் தாண்டினாலும் அசல் கணக்கு போடும்வரை புதிய கணக்கு சேர்க்கவோ, திரைப்பூட்டு வைக்கவோ, ஆப் போடவோ விடாது. கஸ்டமருக்குக் கொடுத்து இரண்டு நாளில் திரும்பி வரும்.

புதுடாங்கிள்

புரிந்தது, விற்றவரை அழைத்துவரச் சொல்கிறேன். கடைசியாக ஒன்று: சாதாரண டிஸ்ப்ளே வேலைக்கு வரும் செட்டுக்கும் பின் கேட்பது வழக்கமாக இருக்கிறது. அதை விட வழி உண்டா?

ட்வீசர்

உண்டு. சாம்சங்கில் ஒன் யூஐ 5 முதல் ‘மெயின்டனன்ஸ் மோட்’, பிக்சலில் 2023 டிசம்பர் அப்டேட் முதல் ‘ரிப்பேர் மோட்’. கஸ்டமரே ஆன் செய்து கொடுத்தால் கேமரா, டச், ஸ்பீக்கர் எல்லாம் சோதிக்கலாம், அவருடைய போட்டோவும் மெசேஜும் தெரியாது. வெளியே வர அவர் பின்தான் வேண்டும். ஐபோனில் ஐஓஎஸ் 17.5 முதல் ‘ரிப்பேர் ஸ்டேட்’ இருப்பதால் ஃபைண்ட் மையை (போனைத் தேடும் வசதி) அணைக்காமலே வேலைக்குக் கொடுக்கலாம். செட்டை வாங்கும்போது கவுன்டரிலேயே ஆன் செய்யச் சொல்லுங்கள். டச் போன செட்டில் அவரால் ஆன் செய்ய முடியாது, அதற்கு டிஸ்ப்ளே மாற்றியபின் அவர் முன்னிலையில் சோதியுங்கள். ஐஓஎஸ் 18 முதல் ஆக்டிவேஷன் லாக் கழற்றிய உதிரிகளுக்கும் உண்டு, ஆகவே டோனர் போனிலிருந்து (உதிரிக்காகக் கழற்றும் பழைய போன்) டிஸ்ப்ளேயோ பேட்டரியோ கேமராவோ எடுக்கும் முன் அந்த டோனர் எந்தக் கணக்கில் இருக்கிறது என்று பார்த்துவிடுங்கள்.